தாக்குதல் காயங்களுக்குக் குறியீடு இடும்போது தவிர்க்க வேண்டிய தவறுகள்

மருத்துவமனைக் கோப்பைப் படித்து, நோயையும் காயத்தையும் அவற்றின் காரணத்தையும் எழுத்தும் எண்ணும் கொண்ட குறியீடுகளாகப் பதிவதே குறியீட்டாளரின் வேலை. இந்த ஆண்டு எங்கள் பிரிவில் சேர்ந்த பயிற்சிக் குறியீட்டாளர்களின் வேலையைச் சரிபார்க்கும்போது, பல ஆண்டுகளுக்கு முன் நான் செய்த அதே பிழைகள் திரும்ப வருவதைக் காண்கிறேன். இலக்கம் விடுபடுவது, எழுத்து மாறுவது போன்றவற்றை மென்பொருளே காட்டிக்கொடுத்துவிடும் என்பதால் அவற்றை இங்கே எழுதவில்லை. மென்பொருள் மறுக்காமல் ஏற்றுக்கொள்ளும், ஆனால் நடந்ததை வேறாகச் சொல்லிவிடும் பிழைகளைப் பற்றியே எழுதுகிறேன். சிங்கப்பூரில் 2012 முதல் புழங்கும் ஐசிடி-10-ஏஎம் என்ற நோய் வகைப்பாட்டுத் தொகுதியை வைத்தே அனைத்தையும் சொல்கிறேன்.

தாக்குதலை விபத்தாக்குவது

அண்மையில் ஒரு பயிற்சியாளர் முடித்த கோப்பில் மூக்கெலும்பு முறிவுக்கு எஸ்02.2 சரியாக இடப்பட்டிருந்தது. காப்பிக்கடையில் வாக்குவாதம் முற்றி ஒருவர் முகத்தில் குத்தியதாக நோயாளி கூறுகிறார் என்று மருத்துவர் எழுதியிருந்தார். வெளிக்காரணம், அதாவது காயம் எப்படி ஏற்பட்டது என்பதைப் பதியும் இடத்தில் டபிள்யூ50 இருந்தது. இன்னொருவரால் அடிக்கப்படுதல், உதைக்கப்படுதல், கடிக்கப்படுதல், கீறப்படுதல் என்று அதன் தலைப்பு சொல்வதால், புதியவர் எவரும் அதையே எடுத்துவிடுவார். ஆனால் அது விபத்துகளுக்கான பகுதியைச் சேர்ந்தது. தாக்குதல் இதில் அடங்காது, எக்ஸ்85 முதல் ஒய்09 வரை பார்க்கவும் என்ற விலக்குக் குறிப்பும் அங்கேயே உள்ளது. காற்பந்து ஆட்டத்தில் எதிரணி வீரரின் முழங்கை தவறிப் பட்டால் டபிள்யூ50. காப்பிக்கடையில் கோபத்தில் குத்தினால், உடல் பலத்தால் தாக்குதல் என்ற ஒய்04. பிறர் தள்ளியதால் விழுவதைக் கூறும் டபிள்யூ03-இலும் இதே கண்ணி உண்டு.

ஏன் அப்படி இட்டீர்கள் என்று கேட்டேன். “டாக்டர் ‘அலெஜ்ட் அசால்ட்’, தாக்கப்பட்டதாகக் கூறப்படுகிறது என்றுதானே எழுதியிருக்கிறார், அக்கா? இருவருமே சண்டை போட்டிருக்கலாம். தாக்குதல் என்று நாம் எப்படி முடிவுசெய்வது?” என்றார். நானும் ஒருகாலத்தில் இதே சொற்களைச் சொல்லியிருக்கிறேன். சம்பவத்தை மருத்துவர் நேரில் பார்க்கவில்லை என்பதற்கு மேல் அந்தச் சொல்லுக்குப் பொருள் இல்லை. ஒருவர் மாடிப்படியில் வழுக்கி விழுந்ததையும்தான் மருத்துவர் நேரில் பார்க்கவில்லை. அங்கே நாம் ஐயப்படாமல் குறியீடு இடுகிறோம். மேலும், ஒய்04 ஆயுதமில்லாத கைகலப்பையும் உள்ளடக்கியது என்பதால், முதலில் கை ஓங்கியவர் யார் என்பது நாம் தீர்க்க வேண்டிய வழக்கே அல்ல. நடுநிலையாக இருப்பதாக எண்ணிக்கொண்டு ஒய்10 முதல் ஒய்34 வரையுள்ள ‘நோக்கம் தெரியாதவை’ பகுதிக்குப் போவோரும் உண்டு. விபத்தா, தற்காயமா, தாக்குதலா என்று மருத்துவரோ சட்டத் துறையினரோ பிரித்தறியப் போதிய தகவல் இல்லாதபோது பயன்படுத்தவே அப்பகுதி இருக்கிறது. குறியீட்டாளரின் தயக்கத்துக்கு அங்கே இடமில்லை.

இதைப் பார்க்கும்போதெல்லாம் எனக்கு ஆத்திரம் வருவதற்கு ஒரு பழைய கோப்பு காரணம். ஐம்பது வயதைக் கடந்த ஒரு பெண். இடது முன்கையில், சுண்டுவிரல் பக்கமுள்ள அல்னா எலும்பின் நடுத்தண்டு முறிவு, எஸ்52.2. குளியலறையில் வழுக்கி விழுந்ததாகக் கணவர் கூறினார் என்று முதல் பக்கத்தில் தாதி எழுதியிருந்தார். விழுதலுக்கான குறியீட்டை இட்டுவிட்டு நான் அடுத்த கோப்பை எடுத்தேன். நான்காம் பக்கத்தில், கணவரை வெளியே இருக்கச் சொன்ன பிறகு மருத்துவர் எழுதிய மூன்று வரிகள் இருந்தன: கணவர் துடைப்பக்கட்டையை ஓங்கினார், தலையில் படாமலிருக்க இவர் கையை உயர்த்தினார், அடி கையில் விழுந்தது. மழுங்கிய பொருளால் தாக்குதல், அதாவது ஒய்00, என்று அது இருந்திருக்க வேண்டும். கையூன்றி விழுபவருக்குப் பெரும்பாலும் மணிக்கட்டை ஒட்டி, கட்டைவிரல் பக்கமுள்ள ரேடியஸ் எலும்புதான் முறியும், அல்னா மட்டும் நடுவில் முறிந்திருந்தால் அடியைத் தடுத்த கையாக இருக்கலாம் என்று, மூத்த குறியீட்டாளர் தம் முன்கையைத் தலைக்கு மேல் உயர்த்திக் காட்டினார். முறிவின் வடிவத்தை மட்டும் வைத்துக் குறியீடு இட முடியாது. ஆனால் அடுத்த பக்கத்தைப் புரட்டச் சொல்ல அது போதும்.

அந்த மூன்று வரிகளைச் சொல்ல அந்தப் பெண்ணுக்கு எவ்வளவு துணிவு வேண்டியிருந்திருக்கும் என்று இன்றும் நினைத்துக்கொள்கிறேன். நான் இட்ட குறியீட்டின்படி அவர் வழுக்கி விழுந்தவர். குடும்ப வன்முறையால் எத்தனை பேர் மருத்துவமனைக்கு வருகிறார்கள் என்று எண்ணுபவர்கள் அவருடைய கோப்பைத் திறந்து படிக்கப்போவதில்லை; குறியீட்டைத்தான் எண்ணுவார்கள். விபத்து என்று போய்விட்டால் அந்த எண்ணிக்கையில் அவர் இல்லவே இல்லை.

தாக்கியவர் யார் என்ற இலக்கத்தை 9 என்று விடுவது

தாக்கியவருக்கும் நோயாளிக்கும் உள்ள உறவை ஐசிடி-10-ஏஎம் கடைசி இலக்கத்தில் பதிகிறது. வாழ்க்கைத்துணைக்கு 0, முன்பின் தெரியாதவருக்கு 6, தெரியாத பலருக்கு 7, குறிப்பிடப்படாவிட்டால் 9. மருத்துவரின் குறிப்பில் இல்லை என்றதும் 9 போடுகிறார்கள். அந்தத் தகவல் பெரும்பாலும் மருத்துவச் சமூக ஊழியரின் குறிப்பில் இருக்கும். இல்லப் பணிப்பெண்ணை முதலாளி அடித்திருந்தால், ஒரே வீட்டில் வசிக்கிறார்கள் என்பதற்காகக் குடும்ப உறுப்பினருக்கான இலக்கத்தை இடுவதும் தவறு.

போத்தல் என்றதும் கூரிய பொருள் என்பது

முழுப் போத்தலால் மண்டையில் அடித்தால் ஒய்00. உடைத்த போத்தலால் குத்தினால் எக்ஸ்99. எப்போது உடைந்தது என்று படியுங்கள்.

வெளிக்காரணத்தை முதன்மை நோயறிதலாக வைப்பது

கூடாது. காயமே முதலில் வரும்.

சம்பவ இடத்தை விட்டுவிடுவது

குறிப்பில் இருந்தால் ஒய்92 இடுங்கள்.

மருத்துவரிடம் கேட்கும் விதம்

தாதியின் குறிப்பும் மருத்துவரின் குறிப்பும் முரண்பட்டு, எது சரி என்று கோப்பிலிருந்தே தெரியாவிட்டால் மருத்துவரிடம் எழுத்தில் கேட்க வேண்டும். “இது தாக்குதல்தானே?” என்று கேட்டால் நாமே விடையைக் கொடுத்தவர்களாகிவிடுவோம். “முதல் பக்கத்தில் விழுந்ததாகவும் நான்காம் பக்கத்தில் அடிபட்டதாகவும் உள்ளது, காயத்தின் காரணத்தைத் தெளிவுபடுத்தவும்” என்பதே போதும். அதே நோயாளி முன்பு வந்தபோது எழுதப்பட்ட சந்தேகத்தை இந்த வருகைக்கான குறியீடாக்கக் கூடாது. அதைக் கண்டால், அதையும் அந்தக் கேள்வியோடு சேர்த்து மருத்துவரின் கண்ணில் படும்படி எழுதி அனுப்புங்கள்.