பாலைவனத்துக் குட்டி மலைகளைத் தப்பாகப் படிக்காதீர்கள்

அமெரிக்காவின் நெவாடா மாநிலத்தைச் செயற்கைக்கோள் படத்தில் பார்த்தால், பழுப்புப் போர்வையை இரண்டு பக்கமும் பிடித்து நெருக்கியதுபோல வரிவரியாக மலைகள் தெரியும். அந்த ஒரு மாநிலத்தில் மட்டும் 300-க்கும் மேற்பட்ட தொடர்கள். பெரும்பாலானவை வடக்கு தெற்காக ஒன்றுக்கொன்று இணையாக ஓடுகின்றன. நடுவில் அதேபோல நீண்ட பள்ளத்தாக்குகள். பார்த்ததும் மனதில் தோன்றும் இந்தப் போர்வை உவமையே முதல் தவறு.

இமயமலைக்கு அது பொருந்தும். அங்கே நிலம் நெருக்கப்பட்டு மடிந்தது. நெவாடாவில் நடந்தது நேர் எதிர். சுமார் 1.7 கோடி ஆண்டுகளாகப் பூமியின் மேலோடு கிழக்கு மேற்காக இழுபட்டு, மெலிந்து, நீளநீளமாக வெடித்திருக்கிறது. வெடித்த பாளங்களில் சில சரிந்து ஒரு விளிம்பைத் தூக்கிக்கொண்டன, அவை மலைகள். சில கீழே இறங்கின, அவை பள்ளத்தாக்குகள். நெவாடாவின் மேற்கு ஓரத்திலுள்ள ரெனோவுக்கும் கிழக்கே யூட்டா மாநிலத்திலுள்ள சால்ட் லேக் சிட்டிக்கும் இடையிலான தூரம் இந்த இழுப்பில் ஏறக்குறைய இரு மடங்காகியிருக்கிறது என்பது புவியியலாளர்கள் பொதுவாகச் சொல்லும் கணக்கு. பல தொடர்களில் ஒரு பக்கம் செங்குத்தாகவும் மறுபக்கம் சாய்வாகவும் இருப்பதற்கும் இதுதான் காரணம்.

இதைத் தெரிந்துகொண்டவர்கள் அடுத்த தவறுக்குப் போவார்கள்: எல்லாத் தொடர்களுக்கும் இதே முத்திரையைக் குத்திவிடுவது. தெற்கே அரிசோனா மாநிலத்தின் கோஃபா மலைகள் பழைய எரிமலைப் பாறைகளை மழையும் காற்றும் அரித்ததில் மிஞ்சியவை. அதே மாநிலத்தில் டூசான் நகரை ஒட்டிய சாண்டா கேட்டலினா தொடரோ, மேலே கிடந்த பாறைகள் வழுக்கி விலகியதால் ஆழத்திலிருந்து வெளியே வந்த பாறைகள். படத்தில் எல்லாம் ஒரே பழுப்புதான்.

இந்த நிலத்தைத் தப்பாகப் படித்தால் என்ன ஆகும் என்பதற்கு 1846-ஐப் பார்க்க வேண்டும். கலிபோர்னியாவில் குடியேற மாட்டு வண்டிகளில் கிளம்பிய டோனர் குழுவினர், லான்ஸ்ஃபர்ட் ஹேஸ்டிங்ஸ் என்பவர் பரிந்துரைத்த குறுக்கு வழியை நம்பினார்கள். யூட்டாவிலுள்ள கிரேட் சால்ட் லேக் என்ற உப்பு ஏரியின் மேற்கே தண்ணீரில்லாத தூரம் சுமார் 65 கிலோமீட்டர்தான் என்றார் அவர். உண்மையில் அது ஏறத்தாழ 130. வறண்ட காற்றில் எதிரே இருக்கும் மலை துல்லியமாகத் தெரியும். அளவு பார்க்க நடுவில் ஒரு மரமோ வீடோ கிடையாது. கண் ஏமாந்துபோகும். இரண்டு நாள் என்று நினைத்த பயணம் ஐந்து நாளைத் தாண்டியது.

தட்டையாக இருந்த உப்புத்தரையும் அவர்களைக் கைவிட்டது. போன்வில் என்று இன்று அழைக்கப்படும் பனியுகத்துப் பேரேரி வற்றிய இடம் அது. மேலே உப்புப் பொருக்கு, அடியில் ஈரச் சேறு. சக்கரங்கள் புதைந்தன. தாகத்தில் மாடுகள் ஓடிப்போயின. கடைசியில் நல்ல தண்ணீர் கிடைத்தது எங்கே? பைலட் பீக் என்ற மலையின் காலடியில். பள்ளம் இருக்கும் இடத்தில்தானே தண்ணீர் இருக்கும் என்று நினைப்போம். இங்கே ஆழமான நடுப்பகுதிக்கு வரும் தண்ணீர் கடலுக்குப் போக வழியில்லாமல் அங்கேயே ஆவியாகி, உப்பை விட்டுவிட்டுப் போகிறது. மலைமேல் பெய்த மழையும் உருகிய பனியும் பாறை வழியாக இறங்கி, அடிவாரத்தில் ஊற்றாக வெளிவரும்.

அதோடு விடவில்லை. அடுத்து ரூபி மலைகள் சுவராகக் குறுக்கே நின்றன. தெற்கே போய் அதைச் சுற்றிக்கொண்டு, மறுபடி வடக்கே ஏறித்தான் வழக்கமான பாதை ஓடிய ஹம்போல்ட் ஆற்றைப் பிடிக்க முடிந்தது. தனித்தனிக் குட்டித் தொடர்தானே, சட்டென்று கடந்துவிடலாம் என்று தோன்றும். குறுக்கே போகிறவருக்கு அதன் நீளம்தான் வினை. இந்தத் தாமதங்களும் சேர்ந்து கலிபோர்னியாவின் சியரா நெவாடா மலைத்தொடரின் பனியில் அவர்களைச் சிக்கவைத்தன. 87 பேரில் ஏறக்குறைய பாதிப் பேர் இறந்தார்கள். அவர்கள் பிடித்த ஹம்போல்ட் ஆறும் கடலைப் பார்த்ததில்லை. பாலைவனத்திலேயே ஒரு பள்ளத்தில் வற்றிவிடும்.

அப்புறம் மணல். பாலைவன மலை என்றாலே அடியில் மணல்மேடு வரைந்துவிடுகிறோம். கலிபோர்னியாவின் மொஹாவே பாலைவனத்தில் கெல்சோ மணல்மேடுகள் இருப்பது உண்மைதான். மொஹாவே ஆற்றுப் படுகையிலிருந்து காற்று அள்ளிவந்த மணல், மலைகள் குறுக்கே நின்றதால் அங்கே கொட்டிக் குவிந்தது. ஆனால் அது விதிவிலக்கு. பெரும்பாலும் அடிவாரத்தில் இருப்பது சரளையும் கல்லும் கலந்த வண்டல் விசிறிதான். மலை இடுக்கின் வாயிலிருந்து விசிறிபோல விரிந்த சரிவு. வீடு கட்டத் தோதாகத் தெரியும். அந்தச் சரிவைக் கட்டியதே வெள்ளம் என்பதை மறந்துவிடக் கூடாது. மலை உச்சியில் கொட்டிய இடிமழை, கீழே வானம் நீலமாக இருக்கும்போதே காய்ந்த ஓடையில் வந்து இறங்கும். அடுத்த முறை அதே ஓடையில்தான் வரும் என்றும் சொல்ல முடியாது. காய்ந்த ஓடையில் கூடாரம் போடுகிறவர்களைப் பார்த்தால் எனக்கு வயிறு கலங்கும்.

குறிஞ்சியும் பாலையும் தனித்தனி நிலங்கள் என்று படித்த நமக்கு இன்னொரு தடுமாற்றமும் உண்டு: பாலைவன மலை உச்சிவரை மொட்டை என்று நினைப்பது. டூசான் நகரம் சுமார் 730 மீட்டர் உயரத்தில், ஆளுயரத்தைத் தாண்டி வளரும் சகுவாரோ கள்ளிகளுக்கு நடுவே இருக்கிறது. பக்கத்திலுள்ள மவுண்ட் லெமன் 2,791 மீட்டர். காரில் ஏறினால் கள்ளி, புல்வெளி, ஓக், பைன் என்று மாறிக்கொண்டே வந்து, உச்சியில் ஃபர் மரங்களும் குளிர்காலப் பனியும் இருக்கும். அதனால்தான் பாலைவனத்துக்கு நடுவே நிற்கும் இப்படிப்பட்ட மலைகளை ‘வானத் தீவுகள்’ என்கிறார்கள். ரூபி மலைகளில் பனியாறுகள் செதுக்கிய பள்ளத்தாக்குகள்கூட உண்டு.

தீவு என்ற பெயரும் கொஞ்சம் ஏமாற்றும். சுற்றியுள்ள வெற்று நிலத்தைக் கடல்போல நினைத்து, மலையை மட்டும் காப்பாற்றினால் போதும் என்று கோடு போட்டுவிடுவார்கள். மொஹாவேயின் பெருங்கொம்புக் காட்டாடுகள் அந்த வெற்று நிலத்தைக் கடந்துதான் ஒரு தொடரிலிருந்து இன்னொன்றுக்குப் போகின்றன. நடுவில் வேலியிட்ட நெடுஞ்சாலை வந்த இடங்களில், இரு பக்கத்து மந்தைகளும் கலப்பது குறைந்துவிட்டது மரபணு ஆய்வுகளில் தெரிந்தது.