ஃப்ளாரன்ஸில் தனி வழிகாட்டியோடு மறுமலர்ச்சிக் கலை

திங்கட்கிழமையை முதலிலேயே தவிர்த்துவிடுங்கள். உஃபிஸி, அக்காதமியா கலைக்கூடங்கள் இரண்டும் அன்று விடுமுறை. வழிகாட்டிக்கு உரிமம் உண்டா, கட்டணத்தில் நுழைவுச்சீட்டும் சேர்த்தியா என்று கேட்டபிறகே பணம் கட்டுங்கள். தகராறு பெரும்பாலும் சீட்டில்தான் வரும்.

மூன்று மணி நேரத்துக்கு இரண்டு இடம் போதும். சாந்தா மரியா நொவெல்லா தேவாலயத்தில் ஓவியர் மசாச்சோவின் ‘திரித்துவம்’ சுவரோவியத்தை நேரெதிரே, சற்றுத் தள்ளி நின்று பாருங்கள். தட்டைச் சுவர் குடைந்த மண்டபமாக உள்வாங்கும். பக்கவாட்டில் நகர்ந்தால் மாயம் கலைந்துவிடும்.

பேராலயக் குவிமாடத்துக்கு 463 படிகள், லிஃப்ட் கிடையாது. நேரம் குறித்த சீட்டு என்பதால் அதை முதலில் வையுங்கள்; முந்தைய இடம் இழுத்துக்கொண்டால் சீட்டு வீண். தோளும் முழங்காலும் மூடிய உடை கட்டாயம். ஏறும்போது மீன்முள் போல் அடுக்கிய செங்கற்களைக் கவனியுங்கள்: தரையிலிருந்து முட்டுக்கொடுக்காமல் 1420-36ல் கட்டடக் கலைஞர் புருனெல்லெஸ்கி குவிமாடத்தை எழுப்பிய சூட்சுமங்களில் அது ஒன்று.