வீட்டுக் கடனின் உண்மையான விலை: தவணைத் தொகை சொல்லாத கணக்கு

வீட்டுக் கடன் வாங்கப் போகிறவர்கள் வங்கியில் முதலில் கேட்பது "மாதம் எவ்வளவு கட்ட வேண்டும்?" என்பதைத்தான். கேட்க வேண்டிய கேள்விதான். ஆனால் பலர் அந்த ஒரு கேள்வியோடு நின்றுவிடுகிறார்கள். கடன் உங்கள் வருமானத்துக்குள் அடங்குமா என்பதை மாதத் தவணை சொல்லும். அந்தக் கடனுக்கு மொத்தத்தில் என்ன விலை கொடுக்கப் போகிறீர்கள் என்பதைச் சொல்லாது. அந்த விலையை முடிவு செய்பவை மூன்று: மீதம் நிற்கும் அசல், வட்டி விகிதம், அசல் எத்தனை காலம் அப்படியே நிற்கிறது என்பது. முதல் இரண்டைப் பற்றி எல்லோரும் பேரம் பேசுவார்கள். மூன்றாவதை ஏனோ கண்டுகொள்வதில்லை.

கட்டுரை முழுவதும் ஒரே கணக்கை வைத்துக்கொள்வோம். கடன் 10 லட்சம், ஆண்டு வட்டி 8 சதவீதம், காலம் 20 ஆண்டுகள். நாணயம் எதுவாகவும் இருக்கட்டும். உங்கள் கடன் 40 லட்சம் என்றால் எல்லாவற்றையும் நான்கால் பெருக்கிக்கொள்ளுங்கள். இந்தக் கடனுக்கு மாதத் தவணை 8,364. இருபது ஆண்டுகளில் கட்டும் மொத்தம் 20.07 லட்சம். அதாவது வாங்கியது ஒரு பங்கு, வட்டியாகக் கொடுப்பது இன்னொரு பங்கு.

தவணையைக் குறைக்கக் காலத்தை நீட்டுவது

தவணை கொஞ்சம் கனமாகத் தெரிந்தால், கடன் கொடுப்பவர் தயாராக வைத்திருக்கும் பதில், "காலத்தை நீட்டிக்கொள்ளலாமே" என்பது. இதே கடனை 30 ஆண்டுகளுக்கு நீட்டினால் தவணை 7,338 ஆகக் குறையும். மாதம் 1,026 மிச்சம். மொத்த வட்டியோ 10.07 லட்சத்திலிருந்து 16.42 லட்சமாக ஏறிவிடும். எதிர்த்திசையில் 15 ஆண்டுகளாகச் சுருக்கினால் தவணை 9,557, வட்டி 7.20 லட்சத்தோடு முடிந்துவிடும்.

காரணத்தை முதல் மாதத்திலேயே பார்த்துவிடலாம். 10 லட்சத்துக்கு 8 சதவீதத்தில் ஒரு மாத வட்டி 6,667. காலம் எதுவானாலும் இது மாறாது. தவணையில் இதுபோக மிஞ்சுவதுதான் அசலைக் குறைக்கும். 30 ஆண்டுக் கடனில் முதல் மாதம் அசலில் குறைவது வெறும் 671. 15 ஆண்டுக் கடனில் 2,890. தவணையில் உள்ள வித்தியாசம் ஏறத்தாழ முப்பது சதவீதம். அசல் கரையும் வேகத்தில் உள்ள வித்தியாசம் நான்கு மடங்குக்கும் மேல். தவணையில் கூட்டும் சிறு தொகை ஒவ்வொன்றும் வட்டியைத் தாண்டி நேராக அசலில் போய் விழுவதால்தான் இவ்வளவு வேறுபாடு.

நீண்ட காலக் கடன் எல்லோருக்கும் கெடுதல் என்று சொல்லவரவில்லை. வருமானம் ஏறி இறங்கும் தொழிலில் இருப்பவர் 30 ஆண்டு என்று எழுதி வாங்கி, கையில் பணம் இருக்கும் மாதங்களில் கூடுதலாகக் கட்டிக்கொண்டு போகலாம். அபராதமின்றி முன்கூட்டிக் கட்ட ஒப்பந்தம் இடம் தரவேண்டும், கட்டுகிறவருக்கும் அந்த ஒழுங்கு வேண்டும். இரண்டும் இல்லாமல் "பிறகு பார்த்துக்கொள்ளலாம்" என்று நீட்டியவர்கள் பிறகு பார்ப்பதே இல்லை.

அட்டவணையைப் படிக்காமல் கையெழுத்துப் போடுவது

ஒவ்வொரு மாதமும் தவணையில் வட்டி எவ்வளவு, அசல் எவ்வளவு, நிலுவை எவ்வளவு என்று காட்டும் தவணை அட்டவணையைக் கேட்டால் கொடுப்பார்கள். கேட்காமல் பெரும்பாலும் கைக்கு வராது. கேட்டு வாங்கி, அறுபதாவது வரியை எடுத்துப் பாருங்கள்.

நம் கணக்கில் ஐந்து ஆண்டு முடிவில், அறுபது தவணைகளாக 5.02 லட்சம் கட்டியிருப்பீர்கள். பாதிக் கடன் தீர்ந்ததுபோல் மனம் கணக்குப் போடும். அட்டவணையோ நிலுவை 8.75 லட்சம் என்று காட்டும். கட்டியதில் 3.77 லட்சம் வட்டிக்குப் போய், அசலில் 1.25 லட்சம்தான் குறைந்திருக்கிறது. அசலில் சரிபாதி தீர்வது 164ஆவது தவணையில். அதாவது பதின்மூன்றரை ஆண்டுகளுக்கும் பிறகு.

இதில் ஏமாற்று வேலை எதுவும் இல்லை. ஆரம்பத்தில் அசல் பெரிது, ஆகவே வட்டியும் பெரிது, அவ்வளவுதான். ஆனால் ஐந்தாறு ஆண்டுகளில் வீட்டை விற்றுவிட்டு வேறு இடத்துக்குப் போக நினைப்பவர் இதைத் தெரிந்துகொள்ளாமல் இருந்தால், விற்ற பணத்தில் கடனை அடைத்தபின் கையில் நிற்கும் தொகையைக் கண்டு திகைப்பார். விற்று மீண்டும் வாங்கும்போது புதிய கடனின் முதல் வரியிலிருந்து, வட்டி மிகுந்த அதே ஆரம்ப ஆண்டுகளிலிருந்து, மறுபடி தொடங்குகிறார் என்பது இன்னொரு செலவு.

வட்டி ஏறினாலும் தவணை ஏறவில்லையே என்று நிம்மதி அடைவது

எனக்கு மிக ஆபத்தானதாகத் தோன்றுவது இதுதான். மாறும் வட்டிக் கடனில் விகிதம் ஏறும்போது, சில இடங்களில் தவணையை அப்படியே வைத்துவிட்டுக் காலத்தை நீட்டிவிடுகிறார்கள். ஒரு கடிதமோ குறுஞ்செய்தியோ வரும்: "உங்கள் தவணைத் தொகையில் மாற்றம் இல்லை." படித்தவர் நிம்மதியாக அதை மூடிவைத்துவிடுவார்.

நம் கடனில் முதல் ஆண்டு முடிந்து 228 தவணைகள் பாக்கி இருக்கும்போது வட்டி 8லிருந்து 9 சதவீதமாகிறது என்று வைத்துக்கொள்வோம். தவணை மாறாவிட்டால் பாக்கி 281 மாதங்களாகும். நான்கு ஆண்டு, ஐந்து மாதம் கூடுதல். அதுவே 10 சதவீதமானால்? சுமார் 446 மாதங்கள். பத்தொன்பது ஆண்டு பாக்கி, முப்பத்தேழு ஆண்டாகிவிடுகிறது. ஏனென்றால் 9.79 லட்ச நிலுவைக்கு மாத வட்டியே 8,157. 8,364 கட்டினால் அசலில் 207தான் குறையும். இன்னும் அரை சதவீதம் ஏறினால் வட்டியே தவணையைத் தாண்டிவிடும். மாதந்தோறும் தவறாமல் கட்டிக்கொண்டே இருப்பீர்கள், கடன் வளர்ந்துகொண்டே இருக்கும்.

இது ஏட்டுக் கணக்கு அல்ல. 2022, 2023 ஆண்டுகளில் பல நாடுகளின் மத்திய வங்கிகள் விகிதங்களை வேகமாக உயர்த்தியபோது, கனடாவில் தவணை மாறாத மிதவை வட்டிக் கடன் வாங்கியிருந்த பலருக்கு இதுவே நடந்தது. கட்டிய தவணை வட்டிக்கே போதாமல், மீதி வட்டி அசலில் சேர்ந்தது.

எனவே விகிதம் மாறிய செய்தி வந்ததும் கேட்க வேண்டியது, "என் கடைசித் தவணை எந்த மாதம்?" என்பது. அந்த மாதம் தள்ளிப்போயிருந்தால், முடிந்த அளவு தவணையை உயர்த்தித் தரும்படி எழுதிக் கேளுங்கள்.

'நிலையான வட்டி' என்ற பெயரை நம்பி நிம்மதியாக இருப்பவர்களும் ஒப்பந்தத்தை ஒருமுறை புரட்டுவது நல்லது. அமெரிக்காவில் 30 ஆண்டுக்கும் ஒரே விகிதம் என்பது சாதாரணம். பிரிட்டனில் இரண்டு அல்லது ஐந்து ஆண்டுகள்தான் நிலையாக இருப்பது வழக்கம், அதன்பின் கடன் கொடுத்தவரின் மாறும் விகிதத்துக்குப் போய்விடும். எத்தனை ஆண்டுக்கு நிலை என்று பார்க்காமல் அந்தப் பெயருக்கு மதிப்பே இல்லை.

குறைந்த வட்டிக்கு மாற்றி, கடிகாரத்தையும் திருப்பி வைப்பது

வேறு வங்கி குறைந்த வட்டி தருகிறது என்று கடனை மாற்றுவது நல்ல யோசனையாக இருக்கலாம். பிசகு நடப்பது காலத்தில். ஐந்து ஆண்டு கட்டியபின் 8.75 லட்ச நிலுவையை 7.25 சதவீதத்துக்கு மாற்றுகிறீர்கள். புதிய வங்கி மறுபடி 20 ஆண்டு என்று போட்டுத் தருகிறது. தவணை 8,364லிருந்து 6,918 ஆகிறது, மகிழ்ச்சிதான். ஆனால் பழைய கடனிலேயே இருந்திருந்தால் இனி கட்ட வேண்டியது 15.06 லட்சம். மாற்றியபின் கட்டப்போவது 16.60 லட்சம். முக்கால் சதவீதம் வட்டி குறைந்தும் ஒன்றரை லட்சம் கூடுதல்!

இதே மாற்றத்தை மீதமிருந்த 15 ஆண்டுகளுக்கே வைத்தால் தவணை 7,990. மொத்தத்தில் சுமார் 67,000 மிச்சம். பழைய 8,364ஐயே தொடர்ந்து கட்டினால் கடன் பதினான்கு மாதம் முன்னதாகவே முடியும். மாற்றுவதற்கான கட்டணங்களை இந்த மிச்சத்திலிருந்து கழித்துப் பார்த்துவிட்டு முடிவெடுங்கள்.

விகிதத்தை மட்டும் ஒப்பிட்டுக் கட்டணங்களை மறப்பது

ஒருவர் கட்டணமின்றி 8 சதவீதத்துக்குத் தருகிறார். இன்னொருவர் 7.75 சதவீதம், ஆனால் கடனில் 2 சதவீதம், அதாவது 20,000, பரிசீலனைக் கட்டணம் கேட்கிறார். இரண்டாவதில் தவணை 155 குறையும். ஐந்து ஆண்டில் தவணையில் மிச்சமானதையும், நிலுவை சற்று வேகமாகக் குறைந்ததையும் சேர்த்தால் லாபம் 12,400 அளவுக்குத்தான் வரும். கட்டிய 20,000 திரும்பிவர எட்டு ஆண்டு தாண்ட வேண்டும். எனவே எது மலிவு என்பதற்கு ஒரே பதில் கிடையாது. கடனை எத்தனை ஆண்டு வைத்திருக்கப் போகிறீர்கள் என்பதைப் பொறுத்தது. கட்டணங்களையும் சேர்த்துச் சொல்லும் ஆண்டு விகிதம் சில நாடுகளில் கட்டாயம். அதுகூடக் கடன் முழுக்காலமும் ஓடும் என்று வைத்துத்தான் பொதுவாகக் கணக்கிடப்படுகிறது. பாதியில் முடிப்பவருக்கு அது சரியான அளவுகோல் அல்ல.

கடனோடு சேர்த்து ஆயுள் காப்பீட்டை விற்பதும் உண்டு. காப்பீடு தேவைதான். ஆனால் ஒரே தவணையில் கட்டும் 50,000 பிரீமியத்தைக் "கடனிலேயே சேர்த்துவிடுகிறோம்" என்று சொன்னால், 20 ஆண்டில் அது ஒரு லட்சம் ஆகும். தனியாக வாங்கினால் என்ன விலை என்று விசாரித்துவிட்டுப் பேசுங்கள்.

பிளாட் வட்டி இன்னொரு கண்ணி. ஆரம்ப அசலுக்கே கடைசிவரை வட்டி போடும் முறை இது. 10 லட்சத்துக்கு 5 சதவீத பிளாட் வட்டி என்றால் 20 ஆண்டில் 10 லட்சம் வட்டி, மாதம் 8,333. குறையும் நிலுவைக்கு 8 சதவீதம் போட்டாலும் கிட்டத்தட்ட இதே தொகைதான் வருகிறது. ஐந்தைக் காட்டி எட்டை வாங்கிவிடுகிறார்கள். குறையும் நிலுவை முறையிலும், நிலுவையை மாதந்தோறும் குறைக்கிறார்களா, ஆண்டுக்கு ஒருமுறையா என்று கேளுங்கள். ஆண்டு முறையில் அதே 8 சதவீதக் கடனுக்குத் தவணை 8,488 ஆகும்.

வருமானம் ஒரு நாணயத்திலும் கடன் இன்னொரு நாணயத்திலும் இருப்பதைப் பற்றி ஒரே வரி: 2015 ஜனவரி 15 அன்று சுவிஸ் மத்திய வங்கி பிராங்கின் மதிப்புக்கு வைத்திருந்த உச்சவரம்பைக் கைவிட்டபோது, குறைந்த வட்டிக்கு ஆசைப்பட்டு பிராங்கில் வீட்டுக் கடன் வாங்கியிருந்த போலந்து, குரோஷியக் குடும்பங்களின் கடன் சுமை ஒரே நாளில் எகிறியது.

முன்கூட்டிக் கட்டுவதைத் தள்ளிப்போடுவதும், அதிலேயே வெறிகொள்வதும்

ஒரு லட்சம் கூடுதலாகக் கையில் வந்தது. முதல் ஆண்டு முடிவில் அதை அசலில் கட்டி, தவணையை மாற்றாமல் தொடர்ந்தால் கடன் சுமார் 47 மாதம் முன்னதாக முடியும். மிச்சமாகும் வட்டி 2.9 லட்சம். அதே ஒரு லட்சத்தைப் பத்தாம் ஆண்டு முடிவில் கட்டினால் மிச்சம் 1.05 லட்சம். பெரிய தொகை வராவிட்டாலும் பரவாயில்லை: ஆரம்பத்திலிருந்தே தவணையை 9,200 ஆக்கினால் 240 மாதக் கடன் 194 மாதத்தில் தீர்ந்து, 2.2 லட்சம் மிஞ்சும். கூடுதல் தொகை கட்டும்போது "தவணையைக் குறைக்கவா, காலத்தைக் குறைக்கவா?" என்று கேட்பார்கள், அல்லது கேட்காமலே ஒன்றைச் செய்துவிடுவார்கள். காலத்தைக் குறைக்கச் சொல்லி எழுத்தில் கொடுங்கள்.

இவ்வளவு சொன்னபின் எதிர்ப்பக்கத்தையும் சொல்லியாக வேண்டும். மொத்த வட்டியைக் கூட்டிப் பார்த்து, "வீட்டை இரண்டு முறை வாங்குகிறோம்" என்று அரண்டுபோவதும் தவறுதான். இருபது ஆண்டு கழித்துக் கட்டும் 8,364 இன்றைய 8,364 அல்ல. விலைவாசி ஆண்டுக்கு 5 சதவீதம் ஏறினால், கடைசித் தவணையின் மதிப்பு இன்றைய கணக்கில் 3,150 அளவுதான். வருமானமும் கூடவே ஏறினால் தவணையின் கனம் ஆண்டுக்கு ஆண்டு குறையும். வரிக்குப் பிறகு கடன் வட்டியைவிட அதிகமாகவும் பாதுகாப்பாகவும் வருமானம் தரும் இடம் உண்மையிலேயே இருந்தால், பணத்தை அங்கே போடுவதில் தவறில்லை. ஆனால் 'பாதுகாப்பாக' என்ற சொல்லுக்குப் பொருந்தும் இடங்கள் 8 சதவீதத்துக்கு மேல் தருவது அபூர்வம்.

கையிருப்பை முழுக்கத் துடைத்துக் கடனில் போடுவதுதான் ஒருபோதும் செய்யக் கூடாதது. கடனில் கட்டிய பணம் சேமிப்புக் கணக்கைப் போலத் திரும்பிவராது. நான்கு ஆண்டுத் தவணையை முன்கூட்டியே தீர்த்தவராக இருந்தாலும், வேலை போய் மூன்று தவணை தவறினால் வங்கியின் பார்வையில் தவறியவர்தான். ஆறு மாதச் செலவுக்கும் தவணைக்கும் போதுமான பணத்தையும், வீட்டு வரி, பழுதுபார்ப்புக்கான தொகையையும் தனியே எடுத்துவைத்தபின், மிஞ்சுவதை அசலில் கட்டுங்கள்.