லுக்கே-சேஸ்ட் பற்றி எழுதும்போது தவிர்க்க வேண்டிய தவறுகள்

நார்வேயின் தொடக்ககாலத் திரைக்கதை எழுத்தாளர் பீட்டர் லுக்கே-சேஸ்ட் (1868–1948) பற்றி எழுத உட்காருகிறவர்கள் நேராக நார்வே படப் பட்டியலைத்தான் திறக்கிறார்கள். அதில் 1916 முதல் 1919 வரை சில படங்கள் இருக்கும். மூன்று நான்கு வருஷத் திரைவாழ்வு என்று எழுதி முடித்துவிடுகிறார்கள். இருப்பதிலேயே பெரிய தவறு இதுதான்.

நாவலாசிரியரான அவர் சினிமாவுக்குக் கதை எழுதத் தொடங்கியபோது, அதை வாங்கிப் படமெடுக்க நார்வேயில் அநேகமாக ஆளில்லை. ஸ்வீடனில் இருந்தார்கள். ஸ்டாக்ஹோம் பக்கத்து லிடிங்கோ ஸ்டுடியோவில் 1912இல் விக்டர் ஷோஸ்ட்ரோமும் மௌரிட்ஸ் ஸ்டில்லரும் இயக்குநர்களாகச் சேர்ந்திருந்தார்கள். அடுத்த ஆண்டே ஷோஸ்ட்ரோமின் 'ஹால்வ்ப்ளூத்', ஸ்டில்லரின் 'கிரான்ஸ்ஃபோல்கன்' இரண்டும் லுக்கே-சேஸ்ட் எழுதிய கதைகளில் வந்தன. ஸ்வீடன் பட்டியலைப் பார்க்காமல் அவரைப் பற்றி ஒரு வரிகூட எழுதக் கூடாது என்பேன்.

அடுத்தது, 1916இல் அவர் தொடங்கிய கிறிஸ்தியானியா ஃபிலிம் கம்பெனி 1919க்குப் பிறகு படமெடுக்கவில்லை என்பதைப் பார்த்து, அவருக்குத் திறமை போதவில்லை என்று தீர்ப்பெழுதுவது. இப்படி எழுதுவதைப் படித்தால் எனக்கு வருத்தமாக இருக்கும். நார்வேயில் 1913இல் வந்த சட்டப்படி, தியேட்டர் நடத்த லைசென்ஸ் தருவது உள்ளூராட்சியின் கையில் போனது. ஊராட்சிகள் மெல்ல மெல்லத் தியேட்டர்களைத் தாங்களே எடுத்து நடத்தின. வசூல் ஊர்ச் செலவுக்குப் போயிற்று, படத் தயாரிப்புக்குத் திரும்பி வரவில்லை. டென்மார்க், ஸ்வீடன் கம்பெனிகளைப் போலச் சொந்தத் தியேட்டர்களின் வருமானத்தில் அடுத்த படம் எடுக்கும் வழி இங்கே அடைபட்டது. அந்த நிலையிலும் எழுதி, இயக்கி, தயாரித்து அவர் தாக்குப்பிடித்தார் என்பதையல்லவா எழுத வேண்டும்?

பார்க்கக் கிடைக்காத படத்தைச் சாதாரணப் படம் என்று ஒதுக்குவதும் தப்பு. அன்றைய நைட்ரேட் படச்சுருள் எளிதில் தீப்பிடிக்கும், தானாகவே மக்கியும் போகும். ஸ்டாக்ஹோமில் 1941இல் படக் கிடங்கு ஒன்று வெடித்ததில் ஷோஸ்ட்ரோம், ஸ்டில்லர் படங்களின் நெகட்டிவ்கள் ஏராளமாக அழிந்தன. தரத்துக்கும் அந்த இழப்புக்கும் சம்பந்தமில்லை.

சரி, கிடைப்பதைப் பாருங்கள். 1919இல் அவரே எழுதி இயக்கிய 'ஹிஸ்டோரியன் ஓம் என் குட்' இருக்கிறது. ஒரு பையனின் கதை. ஆசிரியரின் கடிகாரத்தைத் திருடியதாகப் பழி விழ, பையன் வீட்டைவிட்டு ஓடிப்போகிறான். நடித்தது அவருடைய சொந்த மகன். ஊமைப்படம் என்பதால் இதில் வசனத்தைத் தேடாதீர்கள். பழி எப்படி விழுகிறது, பையன் எங்கெங்கே போகிறான், எந்த இடத்தில் எழுத்து அட்டை (காட்சிகளுக்கு நடுவே திரையில் வரும் எழுத்து) வருகிறது என்று கவனியுங்கள். எழுத்தாளரின் வேலை அங்கேதான் தெரியும்.

அப்புறம், பழைய நாளிதழ்களில் ஆஸ்லோ என்று தேடிவிட்டு ஒன்றுமில்லை என்று விட்டுவிடாதீர்கள். 1925 தொடங்கும்வரை அந்த நகரம் கிறிஸ்தியானியா.