எஸ்பிரெஸோ மெஷினுக்கு எந்தத் தண்ணீர்?

கார்பன் ஃபில்டர் குளோரின் வாடையைத்தான் எடுக்கும், உப்பை எடுக்காது. போர்வெல் தண்ணீரை அதில் வடிகட்டி ஊற்றினால் பாய்லரில் சுண்ணாம்பு படியும். கெட்டிலின் அடியில் படியும் அதே வெள்ளைப் பூச்சுதான், ஆனால் இங்கே கண்ணுக்குத் தெரியாது.

ஆர்ஓ தண்ணீர்? டிடிஎஸ் (தண்ணீரில் கரைந்துள்ள மொத்த உப்பின் அளவு) லிட்டருக்கு 20 மில்லிகிராமுக்குக் கீழே போனால் அதுவும் வம்பு. காபி சப்பென்றிருக்கும், உலோகம் மெல்ல அரிக்கும். பாய்லரில் நீர்மட்டம் பார்க்கும் சென்சார் உள்ள மெஷினுக்குத் தண்ணீர் இருப்பதே தெரியாமல் போகலாம். மின்சாரம் கடத்த உப்பு வேண்டுமே.

சுலபமான வழி, டிஸ்டில்டு அல்லது டிடிஎஸ் மிகக் குறைந்த ஆர்ஓ தண்ணீரில் பொட்டாசியம் பைகார்பனேட் சேர்ப்பது. உணவுத் தரமானதாக வாங்குங்கள். 10 கிராமை 1 லிட்டர் தண்ணீரில் கரைத்து பாட்டிலில் வையுங்கள். இதில் 10 மில்லி எடுத்து 1 லிட்டர் தண்ணீரில் கலந்தால் லிட்டருக்கு 100 மில்லிகிராம். கால்சியமே இல்லாததால் சுண்ணாம்பு படியாது.

டிடிஎஸ் மீட்டரை மட்டும் நம்ப வேண்டாம். அது மொத்த உப்பைக் காட்டும், கடினத்தன்மையை, அதாவது சுண்ணாம்பு படியவைக்கும் கால்சியம், மெக்னீசியத்தின் அளவை, தனியாகக் காட்டாது. அதற்கு மீன்தொட்டிக் கடையில் கிடைக்கும் சொட்டு டெஸ்ட் கிட் போதும்.