அதிகாலை ஹனோய், இரண்டு சக்கரத்தில்: முதல்முறை போகிறவர்களுக்கான வழிமுறை

வியட்நாம் தலைநகர் ஹனோயை பைக்கில் சுற்றிப் பார்க்க ஆசைப்படுகிறவர்களுக்கு நான் முதலில் சொல்வது நேரத்தைப் பற்றித்தான். காலை நாலரைக்குக் கிளம்புங்கள், ஏழு மணிக்குள் முடித்துவிடுங்கள். ஏழுக்குப் பிறகு பள்ளிக்கூடமும் அலுவலகமும் போகிற கூட்டம் சாலையை நிரப்பிவிடும். அதில் புதிதாக வண்டி ஓட்டுகிறவருக்கு முன்னால் போகிற வண்டியின் பின் விளக்கைத் தவிர வேறெதுவும் கண்ணில் படாது.

நாலரை மணி என்றதும் ஊரே தூங்கிக்கொண்டிருக்கும் என்று நினைக்க வேண்டாம். ஜூன் மாதத்தில் ஐந்தேகால் வாக்கில் சூரியன் வந்துவிடும். அதற்கு முன்பே ஏரிக்கரைகளில் உடற்பயிற்சி, மொத்தச் சந்தைகளில் வியாபாரம், நடைபாதையில் அடுப்பு எல்லாம் தொடங்கியிருக்கும். சாலை காலியாக இருக்கும், ஊர் விழித்திருக்கும். இந்த இரண்டும் ஒன்றாகக் கிடைப்பது அந்த இரண்டரை மணி நேரம்தான்.

படி 1: லைசென்ஸ் விஷயத்தைத் தீர்த்துக்கொள்ளுங்கள்

இதைப் படிக்காமல் தாண்டிவிடாதீர்கள். இந்தியாவில் ஆர்.டி.ஓ. அலுவலகம் தரும் சர்வதேச ஓட்டுநர் அனுமதி, 1949 ஜெனீவா ஒப்பந்தத்தின்படி வழங்கப்படுவது. வியட்நாம் ஏற்றுக்கொள்வது 1968 வியன்னா ஒப்பந்தத்தின்படி வழங்கப்பட்டதை. ஆக, இந்தியாவிலிருந்து எடுத்துப்போகும் அந்த அனுமதிப் புத்தகத்தை வைத்துக்கொண்டு அங்கே 110 சிசி, 125 சிசி வண்டி ஓட்டுவது சட்டப்படி செல்லாது. வேறு நாட்டில் வாங்கியவர்கள் எந்த ஆண்டு ஒப்பந்தம் என்று புத்தகத்திலேயே பார்த்துக்கொள்ளலாம்.

வாடகைக் கடையில் பெரும்பாலும் இதையெல்லாம் கேட்க மாட்டார்கள். பணம் கட்டினால் சாவி கைக்கு வந்துவிடும். ஆனால் விபத்து என்று ஒன்று நடந்தால் பயண இன்ஷூரன்ஸ் முதலில் கேட்பது செல்லுபடியாகும் லைசென்ஸைத்தான். இல்லையென்றால் கையை விரித்துவிடுவார்கள். வெளிநாட்டு மருத்துவமனைச் செலவை யோசித்தால் இந்தத் துணிச்சல் தேவையா என்பது புரியும்.

சட்டத்துக்கு உட்பட்ட வழிகள் இரண்டு இருக்கின்றன.

ஒன்று, 50 சிசி வரையிலான சின்ன வண்டி, அல்லது 4 கிலோவாட் வரையிலான மின்சார ஸ்கூட்டர். இவற்றுக்கு லைசென்ஸ் தேவையில்லை; 16 வயது நிறைந்திருந்தால் போதும். அங்கே பள்ளிப் பிள்ளைகள் ஓட்டுகிற ரகம் இது. வேகம் 40 கிலோமீட்டருக்கு மேல் போகக் கூடாது. ஊர் பார்ப்பதற்கு அதுவே அதிகம்.

இன்னொன்று, பின்சீட்டில் உட்கார்ந்து போவது. கிராப் செயலியில் பைக் கூப்பிடலாம். மின்சார பைக் வேண்டுமென்றால் சான் எஸ்.எம். செயலி இருக்கிறது. இரண்டிலும் ஹெல்மெட் அவர்களே தருவார்கள். மணிக்கணக்கில் சுற்றிக் காட்ட ஆள் வேண்டுமென்றால் முதல் நாள் மாலையே தங்குமிடத்தில் சொல்லி, தொகையையும் நேரத்தையும் பேசி முடித்துவிடுங்கள்.

என் யோசனை: முதல் காலை பின்சீட், இரண்டாவது காலை சொந்தமாகச் சின்ன வண்டி. உள்ளூர்க்காரர் எங்கே வேகத்தைக் குறைக்கிறார், எப்போது ஹாரன் தொடுகிறார், சந்திப்பில் எந்தப் பக்கம் ஒதுங்குகிறார் என்பதைப் பின்னால் உட்கார்ந்து பார்த்தாலே பாதி கற்றுக்கொண்ட மாதிரி.

படி 2: முதல் நாள் மாலையே வண்டியை எடுத்து வையுங்கள்

நாலரை மணிக்கு எந்த வாடகைக் கடையும் திறந்திருக்காது. முந்தின நாள் மாலை எடுக்கும்போது பார்க்க வேண்டியவை: முன், பின் பிரேக், இரண்டு டயரின் காற்று, ஹெட்லைட், இண்டிகேட்டர், ஹாரன். வண்டியைச் சுற்றி ஒரு வீடியோ எடுத்து, ஏற்கெனவே உள்ள கீறல்களைக் கடைக்காரர் கண்முன்னே காட்டிவிடுங்கள். ஆர்.சி.யும் கட்டாய இன்ஷூரன்ஸ் தாளும் வண்டியோடு வர வேண்டும், கேட்டு வாங்குங்கள். பாஸ்போர்ட்டை அடமானமாகக் கேட்டால் கொடுக்காதீர்கள். ரொக்க டெபாசிட் போதும் என்கிற கடைகள் நிறையவே உண்டு.

பெட்ரோலா மின்சாரமா என்றால் ஹனோயில் மின்சாரத்தையே சொல்வேன். காற்று மாசைக் குறைக்க, நகரின் முதல் வட்டச் சாலைக்குள் பெட்ரோல் இருசக்கர வாகனங்களை 2026 ஜூலை 1 முதல் நிறுத்த வேண்டும் என்று 2025 ஜூலையில் பிரதமர் உத்தரவு போட்டார். பழைய நகரம் முழுவதும் அந்த வட்டத்துக்குள்தான் வருகிறது. நீங்கள் போகும் நாளில் எந்தத் தெருவில், எந்த நேரத்தில் கட்டுப்பாடு என்பதைக் கடையிலேயே கேளுங்கள். மின்சார வண்டியில் இந்தக் கவலை இல்லை. விடியற்காலையில் சத்தமில்லாமல் போவதால், ஏரிக்கரையில் நடக்கிறவர்களுக்கும் தொந்தரவு இல்லை.

ஹெல்மெட்டைத் தலையில் மாட்டிப் பட்டையைப் பூட்டிப் பாருங்கள். 2007 டிசம்பர் 15 முதல் எல்லாச் சாலைகளிலும் ஹெல்மெட் கட்டாயம், பின்னால் உட்காருகிறவருக்கும் சேர்த்து.

இன்னொரு விஷயம், குளிர். வியட்நாம் என்றாலே வெயில் என்று நினைத்து நம் ஊர் ஆட்கள் சட்டையோடு போய் நிற்பார்கள். ஹனோய் வடக்கே இருக்கிறது. ஜனவரி விடியலில் 10, 12 டிகிரிக்கு இறங்கும் நாட்கள் உண்டு. பிப்ரவரி, மார்ச்சில் பொடித் தூறல் நாள் முழுக்க நிற்காது. காற்றைத் தடுக்கும் ஜாக்கெட்டும் மெல்லிய மழைக்கோட்டும் அவசியம்.

படி 3: வலது பக்கத்துக்குக் கையைப் பழக்குங்கள்

அங்கே வண்டிகள் வலது பக்கம் போகும். நெரிசலில் இது பெரிய பிரச்சினை இல்லை, முன்னால் போகிற கூட்டம் நம்மையும் இழுத்துக்கொண்டு போய்விடும். ஆபத்து காலியான சாலையில்தான். பின்தொடர ஒரு வண்டியும் இல்லாதபோது, இடது பக்கம் ஓட்டிப் பழகிய கை ஒவ்வொரு திருப்பத்திலும் இடது பக்கமே சாயும். அதனால் ஒரே ஒரு விதியை மனதில் வையுங்கள்: நடைபாதை எப்போதும் என் வலது கைப் பக்கம். ஒவ்வொரு சந்திப்பிலும் திரும்பியதும் அதை வாய்விட்டுச் சொல்லிக்கொள்ளுங்கள். முதல் பத்து நிமிடம் தங்குமிடத்தைச் சுற்றியுள்ள தெருக்களில் ஓட்டிவிட்டுப் பெரிய சாலைக்குப் போங்கள். பழைய நகரத்தில் ஒருவழித் தெருக்கள் அதிகம் என்பதால் நுழைவதற்கு முன் பலகையைப் பாருங்கள்.

சிவப்பு விளக்கில் யாருமே இல்லையென்றாலும் நில்லுங்கள். தனி அம்பு விளக்கோ பலகையோ இல்லாமல் வலது பக்கம் திரும்புவதும் குற்றம்தான். 2025 தொடக்கத்திலிருந்து சிவப்பு விளக்கைத் தாண்டும் பைக்குக்கு அபராதம் 40 லட்சம் முதல் 60 லட்சம் டாங் (வியட்நாம் நாணயம்) வரை. நடைபாதையில் ஏற்றி ஓட்டினாலும் அதே தொகை.

மது விஷயத்தில் அனுமதிக்கப்பட்ட அளவு பூஜ்யம், 2020 முதல். முந்தின இரவு பத்தரை மணிக்குக் குடித்த பியர் காலை நாலரைக்கு ஊதச் சொன்னால் தெரியவும் கூடும். அதிகாலைப் பயணம் என்றால் முந்தின இரவு குடிக்காமல் இருப்பதுதான் ஒரே வழி.

படி 4: பூச்சந்தை

பழைய நகரத்திலிருந்து செந்நதியின் கரைச்சாலையைப் பிடித்து வடக்கே போங்கள். கரைச்சுவர் நெடுக ஓடும் பீங்கான் ஓவியத்தைக் கவனியுங்கள். ஹனோயின் ஆயிரமாவது ஆண்டுக்காகச் செய்யப்பட்ட இது, உலகின் மிகப் பெரிய பீங்கான் ஓவியம் என்று 2010இல் கின்னஸில் இடம்பெற்றது. இயென் ஃபூ சாலையைத் தாண்டி, அவ் கோ சாலை தொடங்கிச் சிறிது தூரம் போனால் குவாங் பா பூச்சந்தை.

நள்ளிரவில் தொடங்கும் சந்தை இது. நாலே முக்காலுக்கு நீங்கள் போகும்போது மொத்த வியாபாரம் முடிகிற கட்டத்தில் இருக்கும். ரோஜாக் கட்டுகள் செய்தித்தாளில் சுற்றி, மொட்டு மட்டும் வெளியே தெரிய அடுக்கியிருக்கும். சாமந்தி, லில்லி, கிளாடியோலஸ் எல்லாம் வாளி வாளியாக நிற்கும். தெருத்தெருவாகப் பூ விற்கப் போகும் பெண்கள் சைக்கிளின் பின்பக்கத்தில் பூங்கட்டுகளைக் கட்டுவதைக் கொஞ்ச நேரம் நின்று பாருங்கள். கனமான தண்டுகள் அடியில், மெல்லிய இதழ்கள் மேலே வெளிப்புறம் பார்த்து, ஒரு கட்டு இன்னொன்றை நசுக்காதபடி விசிறியாக விரித்துக் கட்டுவார்கள். காலை முழுக்க ஊர் சுற்றப்போகும் கடை அது.

ஜூன், ஜூலையில் போனால் தாமரை. மேற்கு ஏரிப் பக்கத்துக் குளங்களில் விடியற்காலையில் பறித்த மொட்டுகள் கட்டுக்கட்டாக வரும். தாமரைத் தேநீர் செய்கிறவர்கள் சூரியன் ஏறுவதற்கு முன் பறித்த பூவிலிருந்து, மகரந்தத்தை ஒட்டியிருக்கும் வெண்மணிகளைத் தனியே பிரித்தெடுத்துத் தேயிலையோடு கலந்து மணமேற்றுவார்கள். பழைய முறையில் ஒரு கிலோ தேயிலைக்கு ஆயிரத்துக்கு மேல் பூ வேண்டும்.

வண்டியைச் சந்தைக்குள் ஓட்டிப் போகாதீர்கள். உள்ளூர்க்காரர்கள் போவார்கள், அவர்களுக்கு அது தொழில். நீங்கள் வாசலில் டோக்கன் வாங்கி நிறுத்திவிட்டு நடந்து போங்கள். படம் எடுப்பதற்கு முன் கேமராவைக் காட்டித் தலையசைத்துக் கேட்டால் போதும்.

படி 5: மேற்கு ஏரியைச் சுற்றி

சந்தையிலிருந்து இரண்டு நிமிடத்தில் ஹோ தை என்கிற மேற்கு ஏரிக்கரை. சுமார் 500 ஹெக்டேர், ஹனோயிலேயே பெரிய ஏரி. புதிதாக ஓட்டுகிறவர்கள் பழகுவதற்கு இதைவிட நல்ல இடம் கிடையாது. பெரிய சந்திப்புகள் குறைவு, லாரி கிடையாது, வேகமும் தேவையில்லை. முழுச் சுற்றும் வேண்டாம், முடிந்த அளவு போய்விட்டுத் திரும்புங்கள். கரையோரம் நடக்கிறவர்களும் சைக்கிள்காரர்களும் குறுக்கே வருவார்கள், தூண்டிலை வீசுகிறவர் பின்னால் பார்க்க மாட்டார். இருபது கிலோமீட்டர் வேகத்தில் போங்கள்.

ஏரியின் தென்கிழக்கு மூலையில் இருப்பது "தான் நியென்" என்கிற சாலை. ஒரு பக்கம் மேற்கு ஏரி, மறு பக்கம் சின்ன ஏரி. இங்கேதான் டிரான் குவோக் பௌத்த ஆலயம். ஆறாம் நூற்றாண்டில் செந்நதிக் கரையில் தோன்றி, 1615இல் இந்த ஏரித் தீவுக்கு இடம் மாறியது. விடியலில் கதவு திறந்திருக்காது, ஆனால் சிவப்பு நிற அடுக்குக் கோபுரம் சாலையிலிருந்தே நன்றாகத் தெரியும். பகலில் உள்ளே போக முடிந்தால் அங்கே உள்ள போதி மரத்தைப் பாருங்கள். 1959இல் குடியரசுத் தலைவர் ராஜேந்திர பிரசாத் இந்தியாவிலிருந்து கொண்டுவந்து கொடுத்தது.

படி 6: பா தின் சதுக்கமும் ஃபான் தின் ஃபுங் தெருவும்

1945 செப்டம்பர் 2 அன்று ஹோ சி மின் விடுதலைப் பிரகடனத்தை வாசித்த இடம் பா தின். கோடையில் ஆறு மணிக்கும் குளிர்காலத்தில் ஆறரைக்கும் கொடியேற்றம். சதுக்கத்தின் அருகே வண்டி நிறுத்த விட மாட்டார்கள். பக்கத்துத் தெருவில் நிறுத்திவிட்டு நடந்து போய், அமைதியாக நில்லுங்கள்.

அங்கிருந்து ஃபான் தின் ஃபுங் தெருவுக்கு வாருங்கள். இரு பக்கமும் பெரிய மரங்கள் கூடாரம் போட்ட தெரு. பூச்சந்தையில் பார்த்த சைக்கிள்களில் சில இதற்குள் இங்கே வந்து நின்றிருக்கும். தெருவின் ஓரத்தில் பழைய கோட்டையின் வடக்கு வாசல். சுவரில் இரண்டு பெரிய பள்ளங்கள் தெரியும். 1882இல் பிரெஞ்சுக்காரர்கள் செந்நதியில் நின்ற போர்க்கப்பலிலிருந்து சுட்ட பீரங்கிக் குண்டுகளின் தடம். பூசி மறைக்காமல் அப்படியே விட்டிருக்கிறார்கள்.

ஹோவான் கியெம் ஏரியை இதோடு சேர்க்க வேண்டாம். வெள்ளி மாலை முதல் ஞாயிறு நள்ளிரவு வரை அந்த ஏரியைச் சுற்றி வண்டிக்கே அனுமதியில்லை. அதை நடந்தே பாருங்கள்.

படி 7: சாப்பாடு, காபி

அடுத்து நடைபாதைக் கடையில் ஒரு கிண்ணம் ஃபோ, அதாவது இறைச்சிச் சாற்றில் போட்ட நூடுல்ஸ். மாட்டிறைச்சி வேண்டாதவர்கள் "ஃபோ கா" என்று கேட்டால் கோழி கிடைக்கும். சைவர்களுக்குச் சாறு வகைகள் ஒத்துவராது, எலும்பு இல்லாமல் அந்தச் சாறு இல்லை. அவர்கள் சோய் கடையைத் தேடலாம். பசையரிசியை வேர்க்கடலையோடோ சோளத்தோடோ அவித்து, இலையிலோ தாளிலோ பொதிந்து தருவார்கள். மேலே ஊற்றும் கொழுப்பையும் தூவும் இறைச்சிப் பொடியையும் வேண்டாம் என்று கைகாட்டிவிடுங்கள். "அன் சாய்" என்றால் சைவம் என்று புரிந்துகொள்வார்கள்.

காபிக்கு "நௌ தா" என்று கேளுங்கள். கெட்டிப்பாலும் ஐஸும் சேர்த்த கறுங்காபி வரும். குளிருக்கு "நௌ நோங்", அது சூடானது. வண்டியை நிறுத்தும்போது தரும் டோக்கனைப் பத்திரமாக வையுங்கள். சில இடங்களில் சீட்டிலேயே சாக்பீஸால் எண்ணை எழுதிவிட்டு, அதே எண் போட்ட சீட்டை உங்களிடம் தருவார்கள். ஐந்தாயிரம், பத்தாயிரம் டாங் நோட்டுகள் கையில் இருக்கட்டும்.

அடுத்த காலைக்கு: லாங் பியன் பாலம்

பாலத்தை நீங்களே வண்டி ஓட்டும் முதல் நாளில் தொட வேண்டாம். பிரெஞ்சுக் காலத்தில் கட்டத் தொடங்கி 1902இல் முடிந்த இரும்புப் பாலம். அமெரிக்காவுடன் நடந்த போரில் பலமுறை குண்டு விழுந்து, ஒவ்வொரு முறையும் சரிசெய்யப்பட்டது. நடுவில் ரயில் பாதை, இரண்டு ஓரத்திலும் பைக்குக்கான குறுகிய தடம். கார் போகாது. இந்த ஒரு பாலத்தில் மட்டும் வண்டிகள் இடது பக்கம் போகும். நேற்று கஷ்டப்பட்டு வலது பக்கத்துக்குப் பழக்கிய கை இங்கே குழம்பிவிடக் கூடாது என்பதற்காகத்தான் ஒரு நாள் தள்ளிப்போடச் சொல்கிறேன். பாலத்தில் வண்டியை நிறுத்திப் படம் எடுக்காதீர்கள். பின்னால் காய்கறி மூட்டையோடு வருகிறவருக்கு ஒதுங்க இடமிருக்காது. சூரியன் ஆற்றின் மேல் எழுவதைப் பார்க்க வேண்டுமானால் ரயில் நிலையத்தின் பக்கம் வண்டியை விட்டுவிட்டு ஓரப் பாதையில் நடந்து போங்கள். வெள்ளம் ஏறினால் பாலத்தை மூடிவிடுவார்கள், 2024 செப்டம்பரில் யாகி புயலின்போது அப்படித்தான் மூடினார்கள்.

ஏழு மணிக்குத் தங்குமிடத்துக்குத் திரும்பி வண்டியை நிறுத்துங்கள். திருப்பிக் கொடுக்கும்போது முதல் நாள் எடுத்த வீடியோவைக் கையில் வைத்துக்கொண்டு பேசுங்கள், டெபாசிட்டை எண்ணி வாங்கிய பிறகு சாவியைக் கொடுங்கள்.