உலகம் பிறந்த கதையை எழுதும்போது தவிர்க்க வேண்டிய தவறுகள்

ஃபேண்டஸி நாவல் எழுத உட்காரும் பலரும் முதலில் இருளைப் படைக்கிறார்கள், பிறகு ஒளியை, பிறகு வரிசையாகத் தெய்வங்களை. அந்தக் கதையை யார் யாருக்கு, எதற்காகச் சொல்கிறார்கள் என்பது மட்டும் இருக்காது. மற்றத் தவறுகளுக்கெல்லாம் தாய் இதுதான்.

மதுரைக்காரர்கள் நமக்கு இதற்கான பாடம் திருவிளையாடற் புராணத்திலேயே கிடைக்கிறது. பிரளயம் வடிந்து குடிகள் பெருகியபின் வங்கிய சேகர பாண்டியனுக்கு ஒரு சிக்கல்: பழைய நகரின் எல்லை எது? இறைவன் கையில் கங்கணமாகக் கிடந்த பாம்பு இறங்கி, நகரைச் சுற்றி வளைத்து, வாலைத் தன் வாயில் கவ்விக் காட்டுகிறது. மதுரைக்கு ஆலவாய் என்ற பெயர் பிறந்தது அப்படி. அற்புதம்தான், ஆனால் அதன் அடியில் இருப்பது ஓர் அரசனின் நில அளவைக் கவலை. உங்கள் உலகின் தோற்றக் கதையும் யாரோ ஒருவருடைய உரிமையை நிலைநாட்ட வேண்டும்.

அடுத்தது, எல்லாரும் ஒரே கதையை நம்புவது. அழகர் வைகையில் இறங்குவது மண்டூக முனிவரின் சாபம் தீர்க்க என்கிறது கோயில் மரபு. தங்கை மீனாட்சியின் கல்யாணத்துக்கு வந்தவர், அது முடிந்துவிட்டது என்று அறிந்து கோபத்தோடு வண்டியூர் போய்விட்டார் என்கிறார்கள் மக்கள். இரண்டும் ஒரே ஆற்றில், ஒரே நாளில் வாழ்கின்றன. திருத்தி ஒன்றாக்கினால் இரண்டுமே செத்துவிடும்.

தோற்றவர்களை மறப்பதுதான் எனக்கு மிகவும் வலிக்கிற தவறு. ஒத்தக்கடை அருகே யானைமலையைப் பாருங்கள். சமணர்கள் வேள்வியில் பிறப்பித்து ஏவிய யானையைச் சோமசுந்தரர் கணை எய்து வீழ்த்தினார், அதுவே மலையானது என்பது சைவர் சொன்ன கதை. அதே மலையில் தீர்த்தங்கரர் சிற்பங்கள் இருக்கின்றன. சமணத் துறவிகள் தங்கிய குகைத்தளத்தில் தமிழ்ப் பிராமிக் கல்வெட்டும் இருக்கிறது. அடிவாரத்தில் கி.பி. 770-ஆம் ஆண்டுக் கல்வெட்டோடு நரசிங்கப் பெருமாள் குடைவரை. மூன்று சமயங்கள், ஒரே பாறை. அங்கே தங்கிய துறவிகள் அந்த மலையைப் பற்றி என்ன கதை சொல்லியிருப்பார்கள்? இந்தக் கேள்வியை உங்கள் மலைகளிடமும் கேளுங்கள்.

புராணம் முழுவதையும் முன்னுரையில் கொட்டவும் வேண்டாம். வந்தியின் பிட்டுக்கு இறைவன் மண் சுமந்ததை நாம் முன்னுரை படித்துத் தெரிந்துகொள்ளவில்லை. ஆவணி மூலத்தில் ஆரப்பாளையம் புட்டுத்தோப்பில் நடக்கும் திருவிழாவில் தெரிந்துகொள்கிறோம். உங்கள் பாத்திரங்களுக்கும் அப்படி ஒரு நாளும் ஒரு பண்டமும் கொடுங்கள்.